கூட்டத்துக்குப் போகிறவரை வழியில் மறிப்பதா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். 2025 செப்டம்பரில் ஐ.நா. பொதுச்சபைக்குப் போகவிருந்த பாலஸ்தீனத் தலைவர் மஹ்மூத் அப்பாஸுக்கும் அவரோடு வரவிருந்தவர்களுக்கும் அமெரிக்கா விசா மறுத்தது. அதிலிருந்து பத்திரிகைகளில் இந்த விஷயத்தைப் பற்றிப் பலரும் எழுதிவிட்டார்கள். எழுதியதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் எல்லோரும் கூட்டம் நடக்கிற நாட்டைப் பற்றியேதான் எழுதுகிறார்கள். அந்தக் கூட்டத்துக்குப் போகிற வழியில் விமானம் மாற வேண்டிய நாடு ஒன்று இருக்கிறதே, அங்கே நடப்பதைப் பற்றி ஒருவரும் ஒரு வரி எழுதக் காணோம். எனக்குப் பழக்கமான இடம் அதுதான். அதனால் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

காரைக்குடி கல்லுக்கட்டிப் பக்கம் டிராவல்ஸ் வைத்திருக்கிறேன். இப்போது கம்ப்யூட்டர் முன்னால் உட்காருவது என் மகள். நான் போனை எடுப்பதோடு சரி. எங்கள் பக்கத்து ஆட்கள் கொண்டுவிற்கப் போன ரங்கூனும் சைகோனும் என் காலத்துக்கு முந்திய கதை. நான் டிக்கெட் போட்டதெல்லாம் பினாங்கு, கோலாலம்பூர், சிங்கப்பூர், கொழும்பு. அப்புறம் பிள்ளைகள் அமெரிக்கா, ஆஸ்திரேலியா என்று கிளம்பியதும் பேறுகாலம் பார்க்கப் போகிற ஆச்சிமார்களுக்கு டிக்கெட். ஆச்சிமாருக்கு டிக்கெட் போடும்போது முதலில் விலையைப் பார்க்க மாட்டேன். எங்கே விமானம் மாறுகிறது என்றுதான் பார்ப்பேன். எந்த ஊரில் மாறினால் விசா கேட்பான், எங்கே கேட்க மாட்டான், எங்கே பெட்டியை எடுத்து மறுபடி போட வேண்டும், இது தெரிந்தால் எங்கள் தொழிலில் பாதி தெரிந்த மாதிரி. மீதிப் பாதி கடன் வசூல்.

விசா என்றால் தூதரகம் கொடுப்பது என்று வெளியில் நினைக்கிறார்கள். டிரான்சிட், அதாவது வழியில் விமானம் மாறிப் போகிற விஷயத்தில் கடைசித் தீர்ப்பு சொல்வது விமான நிலையக் கவுண்டரில் நிற்கிற பிள்ளை. பயணி எந்த நாட்டு பாஸ்போர்ட், எங்கே போகிறார், எங்கே மாறுகிறார் என்று தட்டினால் திரையில் டிமாட்டிக் பட்டியல் வந்து நிற்கும். உலக விமான நிறுவனங்களின் சங்கம் நடத்துகிற பட்டியல் அது. ‘விசா வேண்டும்’ என்று அதில் இருந்தால் போர்டிங் பாஸ் கிடையாது. கையில் மந்திரி கடிதம் இருந்தாலும் சரி, ஐ.நா. முத்திரை போட்ட அழைப்பு இருந்தாலும் சரி. அந்தப் பிள்ளையைத் திட்டிப் பயனில்லை. தாள் சரியில்லாத ஆளை ஏற்றிக்கொண்டு போனால் விமானக் கம்பெனிக்கு அபராதம். நம் நாட்டிலேயே 2000-ஆம் ஆண்டில் இதற்கென்று தனிச் சட்டம் கொண்டுவந்து ஒரு லட்சம் ரூபாய் என்று வைத்தார்கள். 2025 செப்டம்பர் 1 முதல் அந்தச் சட்டமும் 1946-ஆம் ஆண்டு வெளிநாட்டவர் சட்டமும் வேறு இரண்டும் சேர்ந்து ஒரே புதிய சட்டமாகிவிட்டன. கம்பெனியைப் பொறுப்பாளியாக்குகிற ஏற்பாடு மட்டும் போகவில்லை. ஆக, ஒரு நாட்டின் பிரதிநிதி சர்வதேசக் கூட்டத்துக்குப் போகலாமா கூடாதா என்பதை இரவு இரண்டு மணிக்கு, பின்னால் வரிசை முணுமுணுக்க, ஒரு கவுண்டர்ப் பிள்ளை முடிவு செய்கிறது.

நான் கண்ட ஒன்றைச் சொல்கிறேன். இலங்கை அரசில் சுற்றுச்சூழல் பக்கம் வேலை பார்க்கிற தமிழ் அதிகாரி ஒருவர். அவருடைய மாமனார் வீட்டார் பிள்ளையார்பட்டிக்கும் குன்றக்குடிக்கும் வந்துபோகும்போது என்னிடம்தான் டிக்கெட் எடுப்பார்கள். அந்தப் பழக்கத்தில் 2025 நவம்பரில் போன் பண்ணினார். பிரேசில் நாட்டுப் பெலெம் நகரத்தில் ஐ.நா. பருவநிலை மாநாடு, முப்பதாவது. போக வேண்டிய மேலதிகாரிக்கு வேறு வேலை வந்துவிட, கடைசி நேரத்தில் இவர் பெயரைப் போட்டிருக்கிறார்கள். இது எல்லா அரசிலும் நடப்பதுதான். பட்டியலில் பெயரை மாற்ற ஒரு கையெழுத்துப் போதும். விசா அப்படி மாறாது.

பிரேசில் விசா அவர் கையில் இருந்தது. டிக்கெட் போடுவது அவருடைய அலுவலகம். என்னிடம் கேட்டது யோசனை மட்டும். துபாய் போய், லிஸ்பன் போய், அங்கிருந்து பெலெமுக்கு நேர் விமானம். வரைபடத்தில் பார்த்தால் அழகான வழி. பாஸ்போர்ட்டின் முன்பக்கத்தை வாட்ஸ்அப்பில் அனுப்பச் சொன்னேன். உத்தியோகபூர்வ கடவுச்சீட்டு, அதாவது அரசு அதிகாரிகளுக்கான அலுவல் பாஸ்போர்ட் என்று இருந்தது. ராஜதந்திர பாஸ்போர்ட் இல்லை. சரி, வம்புதான் என்று நினைத்துக்கொண்டேன்.

“அண்ணே, நான் லிஸ்பன்ல வெளியே வரப்போறதே இல்ல. கதிரையில ரெண்டு மூணு மணித்தியாலம் இருந்துட்டு அடுத்த ப்ளேன்ல ஏறப்போறேன். அதுக்கும் விசாவா?”

“அதுக்கும்தான் தம்பி.”

ஒரே விசாவில் சுற்றிவரக்கூடிய ஐரோப்பிய ஷெங்கன் நாடுகள் 12 நாட்டுக்காரர்களுக்கு விமான நிலையத்துக்குள் உட்கார்ந்திருக்கவே தனி விசா கேட்கின்றன. ஆப்கானிஸ்தான், வங்கதேசம், பாகிஸ்தான், ஈரான், நைஜீரியா, எத்தியோப்பியா, கானா என்று போகிற அந்தப் பட்டியலில் இலங்கையும் உண்டு. ராஜதந்திர பாஸ்போர்ட் இருந்தால் விலக்கு. அலுவல் பாஸ்போர்ட்டுக்கு அந்தப் பொது விலக்கு இல்லை. இதில் எனக்கு ஆறாத விஷயம் இன்னொன்று: அமெரிக்காவுக்கோ கனடாவுக்கோ ஜப்பானுக்கோ செல்லுபடியாகிற விசா ஒட்டியிருந்தால் யாருக்கும் விலக்கு. கொழும்புச் செட்டியார் தெருவில் நகைக்கடை வைத்திருப்பவர் மகனைப் பார்க்க அமெரிக்க விசா எடுத்து வைத்திருந்தால் அவர் லிஸ்பனில் தாராளமாக உட்காரலாம். தன் நாட்டுக்காகப் பேசப் போகிற அதிகாரி உட்காரக் கூடாது.

விண்ணப்பம் போட்டால் முடிவு சொல்ல அவர்கள் விதிப்படியே 15 நாள் எடுத்துக்கொள்ளலாம். அத்தனை நாள் அவருக்கு இல்லை. தோஹாவில் மாறினால் வெளியே வராதவருக்கு விசா வேண்டாம் என்பதால் கொழும்பு, தோஹா, சாவோ பாலோ என்று போகச் சொன்னேன். சாவோ பாலோ பெலெமுக்குத் தெற்கே இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு மேல். அங்கே இறங்கி, மறுபடி உள்நாட்டு விமானத்தில் வடக்கே ஏற வேண்டும். போய்ச் சேர்ந்தார், ஆனால் அவர் பேச வேண்டிய குழுவின் முதல் அமர்வு முடிந்திருந்தது. பெரிய நாடு என்றால் இருபது பேர் வந்திருப்பார்கள், ஒருவர் இல்லாவிட்டால் இன்னொருவர் எழுந்திருப்பார். சின்ன நாட்டுக்கு ஒரு குழுவுக்கு ஓர் ஆள். அந்த ஆள் வானத்தில் இருந்தால் நாற்காலி காலி. அதே நவம்பர் கடைசியில்தான் டிட்வா புயல் இலங்கையைப் புரட்டிப் போட்டது. நூற்றுக்கணக்கானவர்கள் மாண்டார்கள். அமர்வு போனதற்கும் புயலுக்கும் முடிச்சுப் போடவில்லை. பருவநிலைக் கூட்டத்தில் யார் நேரத்துக்கு இருந்தாக வேண்டும் என்பதற்காகச் சொன்னேன்.

கூட்டம் நடத்துகிற நாட்டுக்காவது எழுதிவைத்த விதி உண்டு. ஐ.நா.வும் அமெரிக்காவும் 1947 ஜூன் 26-இல் செய்துகொண்ட தலைமையக ஒப்பந்தத்தில் 11-ஆம் பிரிவு, கூட்டத்துக்கு வருகிறவர் போகவர எந்த இடையூறும் செய்யக் கூடாது என்கிறது. 12-ஆம் பிரிவு, அவருடைய அரசோடு உங்களுக்கு உறவு எப்படியிருந்தாலும் இது பொருந்தும் என்கிறது. 13-ஆம் பிரிவு, விசாவைக் கட்டணமில்லாமல், முடிந்தவரை விரைவாகக் கொடு என்கிறது. அமெரிக்க நாடாளுமன்றம் இதை ஏற்கும்போது, எங்கள் பாதுகாப்பைப் பார்த்துக்கொள்ளும் உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை என்று ஒரு வரி சேர்த்துக்கொண்டது. சண்டையெல்லாம் அந்த ஒரு வரியில்தான். 1988-இல் யாசர் அராபத்துக்கு விசா மறுத்தபோது பொதுச்சபை 154-க்கு 2 என்று வாக்களித்து, கூட்டத்தையே ஜெனீவாவுக்குத் தூக்கிக்கொண்டு போனது. 2020 ஜனவரியில் ஈரான் வெளியுறவு அமைச்சர் ஜாவத் ஜரீஃப் பாதுகாப்புக் கவுன்சிலுக்குப் போக முடியவில்லை. 2025-இல் அப்பாஸ் வீடியோவில் பேசலாம் என்று 145-க்கு 5 என்று தீர்மானம். கவனித்தீர்களா, முன்பு ஆளுக்காகச் சபை ஊரை விட்டுப் போனது, இப்போது ஆளைத் திரையில் ஏற்றிவிட்டுச் சபை இருந்த இடத்தில் இருக்கிறது. வீடியோ வசதி வந்ததில் விசா மறுப்பவர்களுக்குத்தான் சௌகரியம் என்பது என் அபிப்பிராயம். கூட்டத்தில் பாதி வேலை மேடையில் நடப்பதில்லை என்பது ஊர்க் கூட்டத்துக்குப் போய்வந்த யாருக்கும் தெரியும்.

இதெல்லாம் தலைமையகம் இருக்கிற நாட்டுக்கு. வழியிலுள்ள நாட்டுக்கு? தேடிப் பார்த்தால் கைக்குக் கிடைப்பது 1961-ஆம் ஆண்டு வியன்னா உடன்படிக்கையின் 40-ஆவது பிரிவு. தூதர் ஒருவர் தன் பணியிடத்துக்குப் போகும்போதோ திரும்பும்போதோ மூன்றாவது நாடு ஒன்றின் வழியாகப் போனால் அவரைத் தொடக் கூடாது என்கிறது. நல்லது. ஆனால் விசா தேவைப்படுகிற நாடாக இருந்தால் அந்த நாடு விசா கொடுத்திருக்க வேண்டும் என்று கூடவே ஒரு நிபந்தனை. கொடுத்தே ஆக வேண்டும் என்று எங்கும் சொல்லவில்லை. அதுவும் தூதர்களுக்கு. மாநாட்டுக்கு ஒரு வாரம் போய்வருகிற என் இலங்கைக்காரரைப் போன்றவர்களுக்காகவே 1975-இல் வியன்னாவில் இன்னொரு உடன்படிக்கை எழுதினார்கள். சர்வதேச அமைப்புகளுக்கு அனுப்பப்படும் பிரதிநிதிகளைப் பற்றியது, மூன்றாம் நாட்டின் வழியே போவதற்கும் அதில் இடமுண்டு. 35 நாடு கையொப்பமிட்டு உறுதி செய்தால் நடைமுறைக்கு வரும். ஐம்பது வருஷமாகியும் அந்த 35 சேரவில்லை. தலைமையகங்களை மடியில் வைத்திருக்கிற அமெரிக்காவும் சுவிட்சர்லாந்தும் இன்றுவரை அதில் சேரவில்லை.

சாதாரண அதிகாரி என்றில்லை, ஜனாதிபதியே மாட்டிக்கொண்டதுண்டு. 2013 ஜூலையில் பொலிவியாவின் ஈவோ மொராலஸ் மாஸ்கோவில் எரிவாயு ஏற்றுமதி நாடுகளின் கூட்டம் முடிந்து ஊர் திரும்பினார். ரகசியங்களை வெளியிட்டதற்காக அமெரிக்கா தேடிக்கொண்டிருந்த ஸ்னோடென் உள்ளே இருக்கிறார் என்று ஒரு சந்தேகம். வழியிலுள்ள நாடுகள் வான்வழியை மூட, விமானம் வியன்னாவில் இறங்கி அரை நாளுக்கு மேல் நின்றது. ஸ்னோடென் அதில் இல்லை. 2023 நவம்பரில் ரஷ்ய வெளியுறவு அமைச்சர் லாவ்ரோவ் ஐரோப்பியப் பாதுகாப்பு அமைப்பின் கூட்டத்துக்கு வடக்கு மாசிடோனியா போகவேண்டியிருந்தது. பல்கேரியா அவர் மட்டும் மேலே பறக்கலாம், கூட வரும் பேச்சாளர் அம்மையார் பறக்கக் கூடாது என்றது. ஒரே விமானத்தில் ஒருவர் பறக்கலாம், பக்கத்து இருக்கைக்காரர் பறக்கக் கூடாது! கிரீஸ் வழியாகச் சுற்றிப் போனார்கள். ரஷ்யா உக்ரைனில் செய்வதை நான் ஆதரிக்கவில்லை. கூட்டத்துக்கு அழைத்தவன் வரச்சொன்ன பிறகு வழியிலுள்ளவன் ஆள் பொறுக்குவது முறையா என்பதுதான் கேள்வி.

எங்கள் பக்கத்தில் தைப்பூசத்துக்குக் காவடி எடுத்துப் பழனிக்கு நடக்கிறார்கள். குன்றக்குடியில் கூடி, சிங்கம்புணரி, நத்தம் என்று ஊர் ஊராகத் தங்கிப் போவார்கள். வழியிலுள்ள ஊர்க்காரர்களுக்குப் பழனி சொந்தமில்லை. ஆனாலும் தண்ணீர்ப் பந்தல் போட்டு, திண்ணையில் இடம் விட்டு வழியனுப்புவார்கள். நடந்து வருகிறவருக்கும் தங்கள் ஊராருக்கும் கோர்ட்டில் வழக்கே இருந்தாலும் அந்த நாலு நாள் அதைப் பேசுவதில்லை. நாடுகளுக்கு இடையில் இந்த அளவு நாகரிகம் எழுத்தில் வேண்டும்.

அமெரிக்காவின் ஏற்பாடு வேறு மாதிரி. அங்கே உள்ளேயே உட்கார்ந்து விமானம் மாறுவது என்ற பேச்சே இல்லை. இறங்கினால் இமிக்ரேஷன்தான். அதனால் வெறுமனே கடந்து போவதற்கும் விசா. அதில் சி-1 பொதுமக்களுக்கு, சி-3 கடந்துபோகும் அரசு அதிகாரிகளுக்கு, சி-2 ஐ.நா. தலைமையகத்துக்கு வரும் பத்திரிகைக்காரர், தொண்டு நிறுவனத்தார், அழைக்கப்பட்டவர் போன்றோருக்கு. சி-2 வாங்கியவர் நியூயார்க்கின் கொலம்பஸ் சர்க்கிளிலிருந்து 25 மைல் தூரத்தைத் தாண்டக் கூடாது. காரைக்குடியிலிருந்து புதுக்கோட்டை போகலாம், கீரனூர் போகக் கூடாது என்கிற மாதிரி. இந்தியாவுக்கு இதில் நேரடி அக்கறை இருக்கிறது. கடலடித் தாதுக்களைப் பங்குபோடுகிற சர்வதேசக் கடற்படுகை ஆணையம் ஜமைக்காவின் கிங்ஸ்டனில் இருக்கிறது. நடு இந்தியப் பெருங்கடலில் 75,000 சதுர கிலோமீட்டரில் தாது உருண்டைகளை ஆராய நமக்கு அங்கே ஒப்பந்தம் உண்டு. நம் அதிகாரி அங்கே போக வேண்டுமென்றால் பெரும்பாலும் அமெரிக்கா வழி, இல்லையென்றால் லண்டன் போல வேறொரு ஊர் வழி. கூட்டம் ஜமைக்காவில், நுழைவாயில் வேறொருவர் கையில்.

சுவிட்சர்லாந்தில் இன்னொரு நுணுக்கம். ஷெங்கனுக்குள் வரக் கூடாது என்று தடை போடப்பட்டவரும் ஜெனீவாவில் ஐ.நா. கூட்டத்துக்கு வரவேண்டியிருந்தால், சர்வதேசக் கடமை என்று சொல்லி அந்த ஒரு நாட்டுக்கு மட்டும் செல்லுபடியாகும் விசாவைக் கொடுக்க விதியில் இடமிருக்கிறது. நல்ல ஏற்பாடு. ஆனால் அந்த விசாவோடு பிராங்பர்ட்டில் உள்ளே நுழைந்து ஜெனீவா போக முடியாது. நேரே சுவிஸ் மண்ணில் இறங்குகிற விமானம்தான் பிடிக்க வேண்டும். டிக்கெட் போடத் தெரியாத ஆளிடம் இந்த வேலையைக் கொடுத்தால் விசா இருந்தும் வீட்டுக்குத் திரும்ப வேண்டியதுதான்.

மற்றவர்களைச் சொன்னது போதும், நம்மைப் பார்ப்போம். 2019 செப்டம்பரில் நம் பிரதமர் ஐ.நா. பொதுச்சபைக்குப் போகும்போது பாகிஸ்தான் தன் வான்வழியில் பறக்க அனுமதி மறுத்தது. அப்போது நமக்கு வந்த கோபம் நியாயமான கோபம். சுற்றிப் போனார், போய் அந்தச் சபையில் எங்கள் மகிபாலன்பட்டிக்காரர் கணியன் பூங்குன்றனாரை எடுத்துச் சொன்னார். திருப்பத்தூர்ப் பக்கத்தில் அன்றைக்கு டீக்கடையெல்லாம் அதே பேச்சு. அதே வருஷம் பிப்ரவரியில், புல்வாமாவில் நம் வீரர்கள் இறந்த சூட்டில், டெல்லி துப்பாக்கி சுடும் போட்டிக்கு வரவேண்டிய பாகிஸ்தான் வீரர்களுக்கு நாம் விசா கொடுக்கவில்லை. மனசு கொதித்திருந்த நேரம், புரிகிறது. ஆனால் சர்வதேச ஒலிம்பிக் கமிட்டி இந்தியாவோடு எதிர்காலப் போட்டிகளைப் பற்றிய பேச்சையே நிறுத்திவிட்டது. இனி எல்லோருக்கும் விசா கொடுப்போம் என்று அரசு எழுதிக்கொடுத்த பிறகுதான் தடை நீங்கியது. 2023 மே மாதம் கோவாவில் ஷாங்காய் ஒத்துழைப்பு அமைப்பின் கூட்டத்துக்குப் பாகிஸ்தான் வெளியுறவு அமைச்சர் பிலாவல் பூட்டோ வந்தார், பேசினார், போனார். இந்தியாவுக்கு ஒன்றும் குறைந்துபோகவில்லை.

ஆக, மனமிருந்தால் செய்கிறோம். என் குறை, அது விதியாக இல்லை என்பதுதான். நம் இ-விசா தளத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். கென்யாவிலோ பெருவிலோ இருக்கிற சுற்றுலாக்காரர் வீட்டில் உட்கார்ந்தபடி இ-விசா எடுத்து, கானாடுகாத்தான் அரண்மனை வீட்டில் வந்து தங்கி, ஆயிரம் ஜன்னல் வீட்டின் முன்னால் செல்ஃபி எடுத்துக்கொண்டு போகலாம். அதே நாட்டின் அரசு அதிகாரி, ராஜதந்திர பாஸ்போர்ட்டோ அலுவல் பாஸ்போர்ட்டோ வைத்திருந்தால், இ-விசா கிடையாது என்று தளத்திலேயே எழுதியிருக்கிறது. ஐ.நா. கொடுக்கும் பயண ஆவணம் வைத்திருப்பவருக்கும் கிடையாது. அவர் இந்தியத் தூதரகத்துக்குத்தான் போக வேண்டும். பல நாடுகளோடு இந்த வகை பாஸ்போர்ட்டுகளுக்கு விசா விலக்கு ஒப்பந்தம் இருக்கிறது, மறுக்கவில்லை. ஒப்பந்தமும் இல்லை, ஊரில் இந்தியத் தூதரகமும் இல்லை என்றால் பாஸ்போர்ட்டைப் பக்கத்து நாட்டுக்குக் கூரியரில் அனுப்பிவிட்டுக் காத்திருக்க வேண்டும். குருகிராமில் சர்வதேச சூரியசக்திக் கூட்டமைப்பின் தலைமையகத்தை நாம்தான் கேட்டு வாங்கி வைத்திருக்கிறோம். ஆப்பிரிக்க நாடுகளும் சின்னஞ்சிறு தீவுகளும் அதில் ஏராளம். வீடு கட்டி விருந்துக்கு அழைக்கிறவர்கள் வருகிறவர் எப்படி வருவார் என்பதையும் பார்க்க வேண்டாமா?

நாமே வழியிலுள்ள நாடாக இருப்பதும் உண்டு. வங்காள விரிகுடா நாடுகளின் பிம்ஸ்டெக் அமைப்புக்குச் செயலகம் டாக்காவில். கொழும்பிலிருந்து அங்கே போகச் சென்னையில் மாறலாம். ஆனால் இரண்டும் வேறு வேறு கம்பெனி, வேறு வேறு பி.என்.ஆர். (டிக்கெட் பதிவு எண்) என்றால் பெட்டியை எடுக்கச் சென்னையில் இமிக்ரேஷன் தாண்டி வெளியே வர வேண்டும். விசா விலக்கு இல்லாதவர் வெளியே வர விசா வேண்டும். விமான நிலையத்துக்குள்ளேயே இருந்து 24 மணி நேரத்துக்குள் போகிறவருக்குப் பொதுவாக நாம் விசா கேட்பதில்லை; வெளியே வருகிறவருக்கு டிரான்சிட் விசா என்று ஒன்று வைத்திருக்கிறோம், அதிகபட்சம் 72 மணி நேரம் தங்கலாம். இருக்கிற அந்த விசாவுக்கே, சர்வதேச அமைப்பின் அழைப்புக் கடிதம் காட்டுகிற அரசு அதிகாரிக்குக் கட்டணமில்லை, இரண்டு வேலை நாளில் பதில் என்று ஓர் உத்தரவு போட்டால் போதும். புதிதாக ஒன்றும் கட்ட வேண்டியதில்லை. அந்த உத்தரவு டிமாட்டிக்கில் ஏற வேண்டும், அது முக்கியம். கவுண்டர்ப் பிள்ளையின் திரையில் வராத சலுகை டெல்லிக் கோப்பில் இருந்து என்ன பயன்?

உளவாளிகள் அதிகாரி வேஷத்தில் வருவார்கள் என்று சொல்வார்கள். வருவார்கள்தான். சந்தேகப்பட்ட ஆளை விமான நிலையத்துக்குள்ளேயே வைத்து அடுத்த விமானத்தில் ஏற்றிவிட எந்த நாட்டுக்கும் தெரியும். நியூயார்க்கில் 25 மைல் கோடு போட்டது அதற்குத்தானே. மறுத்தே ஆக வேண்டுமென்றால் மறுக்கட்டும். காரணத்தை எழுத்தில் அந்தச் சர்வதேச அமைப்புக்குச் சொல்லி, வேறு ஆளை அனுப்ப அவகாசமிருக்கும்போதே மறுக்கட்டும். இப்போது பல இடத்தில் நடப்பது மறுப்புகூட இல்லை. ‘பரிசீலனையில் இருக்கிறது’ என்று சொல்லிக்கொண்டே இருப்பார்கள், கூட்டம் முடிந்துவிடும். மறுத்ததாகக் கணக்கிலும் வராது. டிராவல்ஸ்காரர்கள் பாஷையில் இதற்குப் பெயர் ‘பெண்டிங்’. பெண்டிங்கில் போன டிக்கெட்டுப் பணத்தைத் திரும்ப வாங்க நாங்கள் படுகிற பாடு தனிக் கடிதத்துக்கு ஆகும்.

பாதுகாப்புக் கவுன்சிலில் நிரந்தர இடம் கேட்கிற நாடு நாம். 1975 உடன்படிக்கையைத் தூசி தட்டி எடுக்கச் சொன்னால் இன்றைய நிலையில் யாரும் கேட்க மாட்டார்கள் என்று தெரியும். ஆனால் இந்திய மண்ணில் அமைக்கும் ஒவ்வொரு சர்வதேச அமைப்போடும் நாம் செய்கிற ஒப்பந்தத்தில், வருகிறவருக்கு மட்டுமல்லாமல் நம் வழியாக வேறெங்கோ கூட்டத்துக்குப் போகிறவருக்கும் சேர்த்து ஒரு பிரிவு எழுத யாரைக் கேட்க வேண்டும்? முதலில் பிம்ஸ்டெக் நாடுகள் ஏழும் தங்களுக்குள் எழுதிக்கொள்ளலாம். இந்தியா, வங்கதேசம், இலங்கை, மியான்மர், தாய்லாந்து, நேபாளம், பூட்டான். எல்லாம் நம் டிக்கெட் கவுண்டருக்குத் தெரிந்த ஊர்கள்.

ஆசிரியரிடம் ஒரு வேண்டுகோள். வெளியுறவு அமைச்சகம் வாரந்தோறும் டெல்லியில் பத்திரிகையாளர்களைச் சந்திக்கிறது. உங்கள் டெல்லி நிருபர் அங்கே உட்காரும்போது, பெரிய பெரிய கேள்விகளுக்கு நடுவில் என் சார்பாக இரண்டைக் கேட்கச் சொல்லுங்கள். அலுவல் பாஸ்போர்ட் வைத்திருக்கும் வெளிநாட்டு அதிகாரிக்கு, சர்வதேச அமைப்பின் அழைப்பிருந்தால், இ-விசா ஏன் கொடுக்கக் கூடாது? வேறு நாட்டில் நடக்கும் கூட்டத்துக்கு நம் வழியாகப் போகும் அதிகாரியின் டிரான்சிட் விண்ணப்பத்துக்கு எத்தனை நாளில் பதில் சொல்ல வேண்டும் என்று எழுத்தில் விதி இருக்கிறதா? என்ன பதில் வந்தாலும் அப்படியே அச்சிடுங்கள். இங்கே கடையில் வெட்டி ஒட்டி வைத்துக்கொள்கிறோம், அடுத்த போன் வரும்போது உதவும்.

இப்படிக்கு,
டிராவல்ஸ்காரர் ஒருவர்,
கல்லுக்கட்டி, காரைக்குடி.